சார்லி ராபர்ட்ஸும் ஆட்டக்காரர் சங்கமும்

ஸ்ரீபெரும்புதூருக்கும் ஒரகடத்துக்கும் இடைப்பட்ட ஊர்களில், தொழிற்சாலைப் பேருந்துக்காகக் காத்து நிற்கும் இளைஞர் கூட்டத்தில், மான்செஸ்டர் யுனைடெட் என்னும் இங்கிலாந்துக் கால்பந்துக் கிளப்பின் சிவப்புப் பனியனை அணிந்த ஒருவரையேனும் நாம் காணாதிருப்பது அரிது. இன்றைய ஆட்டக்காரர்களின் பெயர்கள் அவ்விளைஞர்க்கு மனப்பாடம். அவர்கள் வாங்கும் கோடிகளும் மனப்பாடம். ஆனால் அதே கிளப்புக்கு நூறாண்டுகளுக்கும் முன்னர் அணித்தலைவராயிருந்து, இருமுறை லீக் பட்டத்தையும் ஒருமுறை இங்கிலாந்துக் கோப்பையையும் வென்று தந்த சார்லி ராபர்ட்ஸ் என்பாரை அவர்கள் கேள்வியுற்றிருக்க மாட்டார்கள். அவருடைய நாட்டிலேயே அவரை நினைப்போர் இன்று சிலர்தாம். இருந்தும், தொழிற்சாலைகளின் நடுவே வாழும் நம் வட்டார மக்கள் அறிந்துகொள்ளத் தக்க கால்பந்தாட்டக்காரர் ஒருவரைச் சொல்லச் சொன்னால், நாம் அவரையே சொல்வோம். அவர் அடித்த கோல்கள் அதற்குக் காரணமல்ல. 1909-ஆம் ஆண்டின் கோடையில் அவர் ஆடாமல் இருந்தாரே, அதுவே காரணம்.

கிளப்பின் பிறப்பைப் பற்றி முதலில் சிறிது கூறவேண்டும். 1878-இல் மான்செஸ்டர் நகரின் நியூட்டன் ஹீத் பகுதியில், லங்காஷயர்-யார்க்ஷயர் இரயில்வேயின் பெட்டித் தொழிற்கூடத்தில் பணியாற்றிய தொழிலாளர்கள் தமக்கென ஓர் அணியை அமைத்தனர். பெரம்பூரில் இரயில் பெட்டித் தொழிற்சாலை ஒன்று இயங்குவதை அறிந்த நமக்கு அந்தச் சூழலைக் கற்பனை செய்வது கடினமன்று. இன்று உலகின் பெருஞ்செல்வக் கிளப்புகளுள் ஒன்றாக நிற்பது அந்தத் தொழிலாளர் அணியே. இலண்டனின் ஆர்சனல் கிளப்பும் அவ்வாறே 1886-இல் ஊலிச் அரசு ஆயுதச்சாலைத் தொழிலாளரிடையே தோன்றியது. வெஸ்ட் ஹாம் கிளப்பின் வேர் தேம்ஸ் இரும்பு ஆலையில் 1895-இல் அமைந்த அணியில் இருக்கிறது. சனிக்கிழமைப் பிற்பகலில் ஆலைகள் அடைக்கப்படும் வழக்கம் இங்கிலாந்தில் வேரூன்றிய பின்னரே கால்பந்து தொழிலாளரின் ஆட்டமாயிற்று என்று வரலாற்றாசிரியர் கூறுவர். அனைவர்க்கும் ஒரே நேரத்தில் ஓய்வு கிடைத்தாலன்றோ பதினொருவர் ஓர் அணியாகக் கூடவும், பல்லாயிரவர் அதனைக் காண வரவும் இயலும்! இரவும் பகலும் முறைமாற்றி ஷிப்ட் ஓடும் நம் வட்டாரத்தில் ஒரே விடுதி அறையில் தங்கும் நால்வர்க்கு ஒரே நாளில் விடுமுறை வாய்ப்பதே அரிது என்பதை இவ்விடத்தில் நினைத்துக்கொள்கிறோம்.

நியூட்டன் ஹீத் அணி கடனில் மூழ்கிக் கலைந்துபோகும் நிலையை எட்டிற்று. 1902-இல் ஜான் ஹென்றி டேவிஸ் என்னும் மதுவாலை முதலாளி பணம் போட்டு அதனை மீட்டார். அப்போது சூட்டப்பட்ட பெயரே மான்செஸ்டர் யுனைடெட். ஈராண்டுகள் கழித்து, 1904 ஏப்ரலில், அந்தக் கிளப் இருபத்தொரு வயது இளைஞர் ஒருவரைக் கிரிம்ஸ்பி நகரக் கிளப்பிடமிருந்து விலைகொடுத்துப் பெற்றது. அவரே சார்லி ராபர்ட்ஸ்.

ராபர்ட்ஸ் 1883-இல் இங்கிலாந்தின் வடகிழக்கிலுள்ள டார்லிங்டனில் பிறந்தார். 1825-இல் உலகின் முதல் பொது நீராவி இரயில் ஓடியது அந்த ஊரின் வழியாகத்தான். இரும்பும் இரயிலும் அதன் பிழைப்பு. அவர் இளமையில் ஆடிய அணிகளுள் ஒன்று புனித அகுஸ்தினார் பெயரைத் தாங்கியது. பின்பு பிஷப் ஆக்லாந்து அணியில் ஆடினார், அங்கிருந்து கிரிம்ஸ்பி, அங்கிருந்து மான்செஸ்டர். நெடிய உருவம், வெளிறிய முகம். 'பூட்ஸ் அணிந்த பேய்' என்று அக்காலத்தார் அவரைச் செல்லமாக அழைத்தனர். அவர் ஆடிய இடம் 'சென்டர் ஹாஃப்' எனப்படும் நடு இடம். பிற்காலத்தில் அந்த இடம் தற்காப்புக்கு மட்டுமே உரியதாயிற்று. அன்றோ அணியின் அச்சாணி அதுவே. பந்தைத் தடுப்பதும், எடுத்துச் செல்வதும், முன்வரிசைக்குப் பகிர்ந்தளிப்பதும் அவ்வொருவரின் பொறுப்பு. வலப்புறம் டிக் டக்வொர்த்தும் இடப்புறம் அலெக் பெல்லும் துணைநிற்க, அந்த நடுவரிசை மூவரும் நாட்டின் தலைசிறந்த மூவராகப் புகழப்பட்டனர்.

1905-இல் அவர் இங்கிலாந்து நாட்டு அணிக்காக அயர்லாந்து, வேல்ஸ், ஸ்காட்லாந்து ஆகிய மூன்றையும் எதிர்த்து ஆடினார். மான்செஸ்டர் யுனைடெட் ஆட்டக்காரர் ஒருவர் இங்கிலாந்துச் சட்டையை அணிந்தது அதுவே முதல் தடவை. அந்த மூன்றோடு சரி. தம் ஆற்றலின் உச்சியில் இருந்த ஆண்டுகளில் ஒருமுறைகூட அவர் மீண்டும் அழைக்கப்படவில்லை. சங்கம் அமைத்த குற்றத்துக்கான தண்டனை அது என்று பொதுவாகக் கூறுவர். ஆயின் சங்கம் தோன்றியது 1907 டிசம்பரில். அதற்கு முன்னரே ஈராண்டுகளுக்கு மேல் அவர் ஒதுக்கப்பட்டிருந்தார். எனவே அந்தக் காரணம் முழுவதையும் விளக்காது. 1908-இல் லீக் பட்டம் வென்ற அணியின் தலைவரை, 1909-இல் கோப்பையை ஏந்தியவரை, 1911-இல் மீண்டும் லீக் பட்டம் பெற்றவரைத் தேர்வாளர் தொடர்ந்து புறக்கணித்தமைக்கு மட்டும் வேறு காரணம் காண்பது கடினமாயிருக்கிறது.

இனி, அன்றைய ஆட்டக்காரரின் பிழைப்பு எத்தகையது என்பதைப் பார்ப்போம். இங்கிலாந்தில் பணம் பெற்று ஆடுவது 1885-இல் சட்டபூர்வமாயிற்று. மூன்றாண்டுகளில் லீக் ஆட்டங்கள் தொடங்கின. சுரங்கத்திலும் ஆலையிலும் உழன்ற இளைஞர்க்கு அது பெரியதொரு விடுதலையாகவே தோன்றியது. ஆனால் அதனைச் சுற்றி விரைவிலேயே இரு வேலிகள் எழுந்தன. முதலாவது, சம்பள உச்சவரம்பு. 1901-ஆம் ஆண்டுப் பருவத்திலிருந்து எந்த ஆட்டக்காரருக்கும், அவர் எத்துணைத் திறமை வாய்ந்தவராயினும், வாரத்துக்கு நான்கு பவுனுக்கு மேல் தரலாகாது என்று விதி செய்யப்பட்டது. இரண்டாவது வேலி இன்னும் கொடியது. ஆட்டக்காரரின் பெயரைத் தன் பதிவேட்டில் வைத்திருக்கும் கிளப், ஒப்பந்தம் முடிந்த பின்னரும் அவரை விடாமல் நிறுத்திவைக்கலாம். சம்பளம் தராமலேகூட நிறுத்திவைக்கலாம்! அக்கிளப் இசைந்து, விலைபேசி விற்றாலொழிய அவர் வேறெங்கும் லீக் ஆட்டம் ஆட முடியாது. 1905-இல் சண்டர்லாந்து கிளப் ஆல்ஃப் காமன் என்பாரை மிடில்ஸ்பரோவுக்கு ஆயிரம் பவுனுக்கு விற்றது. நாடே வியந்தது, பாராளுமன்றத்திலும் பேச்சு எழுந்தது. ஆயிரம் பவுன் பெறுமானமுள்ள கால்களை உடையவருக்கு வாரக்கூலி நான்கு பவுன்தான்.

நான்கு பவுன் அன்று சிறிய தொகையன்று என்பதையும் சொல்லியாகவேண்டும். தேர்ந்த கைத்தொழிலாளி ஒருவர் வாரம் முழுதும் உழைத்து ஈட்டியது இரண்டு பவுனை எட்டுவதே அரிது. அதனால்தான், 'இவர்களுக்கு என்ன குறை? விளையாடுவதற்கல்லவா பணம் கொடுக்கிறோம்' என்ற கேள்வி எழுந்தது. கிளப்புகளை நடத்திய வணிகரும், இங்கிலாந்துக் கால்பந்துத் தலைமைக் கழகத்தை நடத்திய கனவான்களும் இதனையே திரும்பத் திரும்பக் கேட்டனர்.

அதற்கு விடை 1907 ஏப்ரலில் கிடைத்தது. மான்செஸ்டர் யுனைடெட்டின் இரண்டாம் நிலை அணிக்காக ஆடிக்கொண்டிருந்த தாமஸ் பிளாக்ஸ்டாக் என்னும் இருபத்தைந்து வயது ஆட்டக்காரர், பந்தைத் தலையால் முட்டிய சிறிது நேரத்தில் களத்திலேயே சாய்ந்தார். பிறகு எழவில்லை. விசாரணையில் இயற்கை மரணம் என்று தீர்ப்பாயிற்று; குடும்பத்துக்கு இழப்பீடு ஒன்றும் கிடைக்கவில்லை. ஆலையில் இயந்திரத்தில் சிக்கி மாண்டவரின் மனைவிக்குச் சட்டம் ஏதேனும் வழி காட்டியிருக்கும். களத்தில் மாண்டவர் 'தொழிலாளியா' என்பதே அன்று தெளிவாகவில்லை. தொழில்முறைக் கால்பந்தாட்டக்காரரும் இழப்பீட்டுச் சட்டத்தின் பார்வையில் தொழிலாளியே என்பதைக் கிறிஸ்டல் பேலஸ் கிளப்புக்கு எதிரான வாக்கர் வழக்கில் மேல்முறையீட்டு நீதிமன்றம் உறுதிசெய்தது பின்னரே.

பிளாக்ஸ்டாக்கின் தோழர்கள் அவ்வாண்டு டிசம்பர் 2-ஆம் நாள் மான்செஸ்டரிலுள்ள இம்பீரியல் ஓட்டலில் கூடினர். கூட்டத்துக்குத் தலைமை தாங்கியவர் பில்லி மெரடித். வேல்ஸ் நாட்டுச் சுரங்கத்தில் சிறுவயதிலேயே இறங்கியவர், அக்காலத்தின் ஒப்பற்ற வலப்புற ஆட்டக்காரர், ராபர்ட்ஸின் அணித்தோழர். ஆட்டக்காரர் மற்றும் பயிற்சியாளர் சங்கம் அங்கே பிறந்தது. 1898-இல் இத்தகைய சங்கம் ஒன்று தோன்றி மூன்றாண்டுகளில் மறைந்திருந்ததால், இதனையும் பலர் பொருட்படுத்தவில்லை. சில காலத்தில் ராபர்ட்ஸ் அதன் தலைவரானார்.

தொடக்கத்தில் தலைமைக் கழகம் சங்கத்தை ஏற்றுக்கொண்டது. சங்கம் உச்சவரம்பை நீக்கக் கோரியதையும், இழப்பீட்டு வழக்குகளை நீதிமன்றத்துக்குக் கொண்டுபோனதையும் முகச்சுளிப்போடு பொறுத்துக்கொண்டது. பொறுமை முறிந்தது, நாட்டின் பிற தொழிற்சங்கங்களின் பொதுக் கூட்டமைப்பில் இணைய ஆட்டக்காரர் சங்கம் முற்பட்டபோது. சுரங்கத் தொழிலாளர் வேலைநிறுத்தம் செய்தால் கால்பந்தும் நின்றுவிடுமோ என்னும் அச்சம் கிளப் முதலாளிகளைப் பிடித்தது. 1909 ஜூலை முதல் நாளுக்குள் ஒவ்வோர் ஆட்டக்காரரும் சங்கத்தை விட்டு விலகவேண்டும், மறுப்போர் களத்தினின்று நீக்கப்படுவர் என்று கட்டளை பிறந்தது. விலகியோர் கையொப்பமிட வேண்டிய உறுதிமொழிகளும் தயாராயின.

அவ்வாண்டு ஏப்ரல் 24-ஆம் நாள்தான் இலண்டன் கிறிஸ்டல் பேலஸ் மைதானத்தில் ராபர்ட்ஸின் அணி பிரிஸ்டல் சிட்டியை ஒரு கோல் கணக்கில் வென்று, கிளப்பின் முதல் கோப்பையைக் கைப்பற்றியிருந்தது. நகரமே திரண்டு வரவேற்ற வீரர்கள் இரண்டே மாதங்களில் தொழிலற்றவராயினர். நாடெங்கும் ஆட்டக்காரர் ஒருவர் பின் ஒருவராகச் சங்கத்தை விட்டு விலகிக்கொண்டிருந்தனர். அவர்களைக் குறைகூற நமக்கு மனம் வரவில்லை. வீட்டு வாடகையும் பிள்ளைகளின் பாலும் காத்திருக்குமா? மான்செஸ்டர் யுனைடெட்டின் ஆட்டக்காரர்கள் மட்டுமே ஓர் அணியாக நின்று விலக மறுத்தனர். சம்பளம் நின்றது. கிளப்பின் மைதானத்துக்குள் நுழையவும் தடை. அவர்கள் ஃபாலோஃபீல்டு என்னும் இடத்தில் வேறொரு மைதானத்தைப் பெற்றுத் தாமே பயிற்சி செய்தனர். எவர்ட்டன் கிளப்பின் டிம் கோல்மன் வெளியிலிருந்து வந்து அவர்களோடு சேர்ந்துகொண்டார்.

பத்திரிகைப் படம்பிடிப்போர் அங்கு வந்தபோது, ராபர்ட்ஸ் ஒரு பலகையைத் தேடியெடுத்து அதில் 'விலக்கப்பட்டோர் கால்பந்து அணி, 1909' என்று எழுதச்செய்து, அதனை நடுவில் வைத்துத் தோழர்களோடு அமர்ந்தார். அந்தப் படம் இன்றும் கிடைக்கிறது. கோப்பையின் வெற்றிக் கோலை அடித்த சாண்டி டர்ன்புல் அதில் இருக்கிறார்; எட்டாண்டுகள் கழித்து அவர் பிரான்சின் ஆர்ராஸ் போர்க்களத்தில் மாண்டார். படத்திலுள்ளோர் எவர் முகத்திலும் அழுகை இல்லை. விலக்கு என்னும் சொல்லை அவர்கள் ஒரு கிளப்பின் பெயரைப்போலச் சூடிக்கொண்டிருக்கிறார்கள்.

செப்டம்பர் முதல் நாள் புதிய பருவத்தின் தொடக்க ஆட்டம். கோப்பை வென்ற அணியே களத்தில் இல்லாத பருவம் எப்படித் தொடங்கும்? ஆகஸ்டு இறுதியில் வேறு சில பெரிய கிளப்புகளின் ஆட்டக்காரரும் ராபர்ட்ஸின் பக்கம் சாயத் தொடங்கினர். ஆட்டத்துக்கு முந்திய நாள் தலைமைக் கழகம் இறங்கி வந்தது. தடை நீங்கியது, சங்கத்துக்கு மீண்டும் அங்கீகாரம் கிடைத்தது. மறுநாள் யுனைடெட் ஆட்டக்காரர் கைகளில் சங்கப் பட்டையைக் கட்டிக்கொண்டு பிராட்ஃபோர்டு சிட்டியை எதிர்த்து இறங்கி, வென்றனர்.

கதையை இங்கே நிறுத்தினால் இனிமையாயிருக்கும். ஆனால் வரலாறு அவ்வளவு வசதியாக நடந்துகொள்வதில்லை. அங்கீகாரத்துக்கு விலை ஒன்று இருந்தது: பொதுக் கூட்டமைப்பை விட்டு ஒதுங்குவது. அவ்வாண்டிலேயே சங்கத்து உறுப்பினர் வாக்களித்தபோது, பெரும்பான்மையோர் கூட்டமைப்பில் சேர வேண்டாம் என்றே கூறினர். மெரடித்துக்கு அது பெருங்கசப்பு. அடுத்த ஆண்டு உச்சவரம்பு, நெடுநாள் பணியாற்றியோர்க்கு மட்டும், ஐந்து பவுனாக உயர்ந்தது. ஆட்டக்காரரை நிறுத்திவைக்கும் முறை செல்லுமா என்று ஹெர்பர்ட் கிங்கபி 1912-இல் ஆஸ்டன் வில்லா கிளப்பின்மீது தொடுத்த வழக்கில் சங்கம் தோற்றது. வழக்குச் செலவே அதனைக் கவிழ்த்துவிடும்போல் ஆயிற்று. சம்பள உச்சவரம்பு முழுவதும் ஒழிந்தது 1961 ஜனவரியில். நிறுத்திவைக்கும் முறையின் முதுகெலும்பு முறிந்தது 1963-இல், ஜார்ஜ் ஈஸ்ட்ஹாம் வழக்கில். தனியாக நிற்பதே கண்ணியம் என்று நம்பிய சங்கத்துக்கு அரை நூற்றாண்டு தேவைப்பட்டிருக்கிறது. கூட்டமைப்பில் சேர்ந்திருந்தால் விரைவில் முடிந்திருக்குமா என்பது வேறு கேள்வி. ஆனால் தலைமைக் கழகம் எதற்கு அஞ்சியது என்பதை நினைத்தால், ஆட்டக்காரர்கள் தம் கையிலிருந்த வலுவான கருவியைக் கீழே வைத்துவிட்டார்கள் என்றே நமக்குத் தோன்றுகிறது.

'உங்களுக்குள் பேசிக்கொள்ளுங்கள், வெளியார் வேண்டாம்.' 1909-இல் ஆட்டக்காரர்க்குச் சொல்லப்பட்டதன் சாரம் இது. இச்சொல் நம் மண்ணுக்கும் புதிதன்று. 1918 ஏப்ரல் 27-ஆம் நாள் சென்னை பெரம்பூரில், பக்கிங்காம்-கர்நாட்டிக் ஆலைத் தொழிலாளருக்காகச் சென்னைத் தொழிலாளர் சங்கம் தோன்றியது. இந்தியாவின் முதல் முறையான தொழிற்சங்கம் என்று அதனைக் கூறுவர். தொழிலாளரிடையே இருந்து முயன்றவர்கள் செல்வபதி செட்டியாரும் இராமானுஜலு நாயுடுவும். தலைவராக வந்தவர் பி.பி. வாடியா, தோள்கொடுத்தவர் திரு.வி.க. ஆலையை நடத்திய பின்னி நிறுவனத்துக்கு வாடியா 'வெளியார்'. 1920-இன் இறுதியில் கதவடைப்பும் துப்பாக்கிச் சூடும் நிகழ்ந்தபோது, நிறுவனம் உயர்நீதிமன்றத்தில் வாடியா முதலியோர்மீது வழக்குத் தொடுத்துத் தடையாணை பெற்றது. தொழிலாளரைத் திரட்டியதே ஒப்பந்தத்தை மீறத் தூண்டிய குற்றமாகக் கருதப்பட்டது. வாடியா சங்கப் பணியினின்று விலக நேர்ந்தது. அந்த வழக்கின் அதிர்ச்சியே என்.எம். ஜோஷியைச் சட்டசபையில் தொழிற்சங்கச் சட்டம் கோரச் செய்தது. 1926-இல் இந்தியத் தொழிற்சங்கச் சட்டம் இயற்றப்பட்டது. மான்செஸ்டரின் நூலாலைகளோடு போட்டியிட்ட பெரம்பூர் ஆலை, மான்செஸ்டரின் கால்பந்துக் களத்தில் எழுந்த அதே வழக்கைப் பத்தாண்டுகளுக்குப் பின் எழுப்பியது என்பது கவனிக்கத் தக்கது.

இக்கேள்வியில் திருச்சபையின் நிலை என்ன என்பதைச் சிலர் மறந்துபோகின்றனர். வேறு சிலர் வேண்டுமென்றே மறைக்கின்றனர். சார்லி ராபர்ட்ஸ் ஆறு வயதுச் சிறுவனாயிருந்த 1889-இல், இலண்டன் துறைமுகத் தொழிலாளர் மணிக்கு ஆறு பென்னி கூலி கேட்டு வேலைநிறுத்தம் செய்தனர். அவர்களுள் பெருந்தொகையினர் அயர்லாந்திலிருந்து வந்த ஏழைக் கத்தோலிக்கர். எண்பது வயதைக் கடந்த கர்தினால் மானிங் தாமே நேரில் சென்று இருதரப்பாரிடமும் பேசி, வழக்கைத் தீர்த்துவைத்தார். ஈராண்டுகள் கழித்து, 1891 மே 15-ஆம் நாள், திருத்தந்தை பதின்மூன்றாம் சிங்கராயர் 'ரேரும் நோவாரும்' என்னும் சுற்றுமடலை வெளியிட்டார். தொழிலாளர் சங்கமாகக் கூடுவது மனிதனின் இயற்கை உரிமை என்றும், அரசு காக்க வேண்டியது அவ்வுரிமையையே அன்றி அழிக்க வேண்டியது அன்று என்றும் அம்மடல் கற்பித்தது. கூலி குறைந்தவர்க்கே சங்கம் என்று அதில் நிபந்தனை இல்லை. சங்கமாகக் கூடுவது மனிதரின் இயல்பைப் பற்றியது; அவரது சம்பளச் சீட்டைப் பற்றியதன்று. 1981-இல் திருத்தந்தை இரண்டாம் யோவான் பவுல் 'லாபோரெம் எக்ஸெர்சென்ஸ்' மடலில் தொழிற்சங்கங்களை இன்றைய சமூக வாழ்வின் இன்றியமையாக் கூறு என்று ஏற்றார். 2025 மே மாதத்தில் தேர்ந்தெடுக்கப்பட்ட திருத்தந்தை தமக்குச் சிங்கராயர் என்னும் பெயரைத் தேர்ந்தமைக்கு அந்த 1891-ஆம் ஆண்டு மடலையே முதற்காரணமாகக் கர்தினால்மாரிடம் எடுத்துரைத்தார்.

நம் வட்டாரத்தில் இக்கேள்வி அண்மையில் எழுந்ததை வாசகர் அறிவர். சுங்குவார்சத்திரத்தில் 2007 முதல் இயங்கும் சாம்சங் ஆலையில் குளிர்பதனப் பெட்டியும் தொலைக்காட்சியும் சலவை இயந்திரமும் செய்யப்படுகின்றன. 2024-இல் அங்குள்ள தொழிலாளர் தமக்கொரு சங்கம் அமைத்து, சி.ஐ.டி.யு.வோடு இணைத்துக்கொண்டனர். பதிவு கிடைக்கவில்லை. செப்டம்பர் 9-ஆம் நாள் ஆயிரத்துக்கும் மேற்பட்டோர் வேலையை நிறுத்தினர். அவர்களது பந்தலும் ஒருநாள் அகற்றப்பட்டது. முப்பத்தேழு நாட்கள் கழித்து, அக்டோபர் 15-இல், அரசின் பேச்சுவார்த்தையால் போராட்டம் முடிந்தது. சங்கத்தின் பதிவு மட்டும் நீதிமன்றத்துக்கு விடப்பட்டது. உயர்நீதிமன்றம் காலக்கெடு விதித்த பின், 2025 ஜனவரி இறுதியில், சங்கம் பதிவாயிற்று.

அந்நாட்களில் நிறுவனம் முன்வைத்த வாதங்களை நாம் அக்கறையோடு படித்தோம். தன் நிரந்தரத் தொழிலாளரின் சராசரிச் சம்பளம் இவ்வட்டாரத்தில் ஒத்த வேலை செய்வோர் சம்பளத்தைப்போல் 1.8 மடங்கு என்று அது அறிவித்தது. அக்கணக்கை நாம் மறுக்கவில்லை. நான்கு பவுன் கணக்கையும் எவரும் மறுத்ததில்லை. தன் தொழிலாளரோடு பேசத் தயார், தேசியத் தொழிற்சங்கத்தின் துணையுடைய சங்கத்தை ஏற்கத் தயக்கம் என்பதும் அதன் நிலையாயிருந்தது. சங்கத்தின் பெயரில் நிறுவனத்தின் பெயர் வருவதற்கும் அது தடை கூறியது. ஆட்டக்காரர்க்கு 1909-இல் சொல்லப்பட்ட இரண்டும் - 'நன்றாகத்தானே கொடுக்கிறோம்', 'வெளியார் வேண்டாம்' - ஏறத்தாழ அதே வரிசையில் திரும்பி வந்தன. மூன்றாவதான பெயர்ச் சிக்கல் மட்டும் நம் காலத்துக்குரியது. வேறுபாடுகளையும் நாம் மறைக்கலாகாது. ராபர்ட்ஸின் தோழர்கள் இல்லாமல் ஆட்டமே இல்லை. அவர்கள் முகத்தைக் காணவே மக்கள் சீட்டு வாங்கினர். சலவை இயந்திரத்தை வாங்குவோர் அதைப் பூட்டியவர் முகத்தைக் கண்டதில்லை. மேலும், இந்தச் சாலையோரத்தின் உழைப்பில் பெரும்பங்கு ஒப்பந்தக் கூலிகளுடையது. ஓராண்டு ஓரிடம், மறு ஆண்டு வேறிடம். அவர்களுக்கு நிறுத்திவைக்கும் முறையின் நேர் எதிர்த் துன்பம். ராபர்ட்ஸைக் கிளப் போகவிடவில்லை. இவர்களை எவரும் இருக்கவிடுவதில்லை.

ராபர்ட்ஸின் கதைக்குத் திரும்புவோம். 1910 பிப்ரவரியில் ஓல்டு டிராஃபர்டு என்னும் பெருமைதானம் டேவிஸின் பணத்தில் திறக்கப்பட்டது. 'பணமூட்டை யுனைடெட்' என்று பிறர் ஏளனம் செய்தனர். அங்கே முதலில் அணியை நடத்திச் சென்றவர் ராபர்ட்ஸ்; அடுத்த ஆண்டு லீக் பட்டமும் வந்தது. 1913-இல் கிளப் அவரை அண்டை நகரான ஓல்டமுக்கு விற்றது. முப்பது வயதானவர் என்று எண்ணியிருப்பார்கள் போலும். அவரோ அந்தச் சிறிய அணிக்குத் தலைவராகி, 1914-15 பருவத்தில் லீக் பட்டத்துக்கு ஒரே ஒரு புள்ளி தூரத்துக்கு அதனை இட்டுச்சென்றார். எவர்ட்டன் பட்டத்தைப் பெற்றது. அந்த அளவு உயரத்தை ஓல்டம் கிளப் அதன்பின் எட்டியதே இல்லை.

பின்னர் முதல் உலகப்போர் அவர் ஆட்டத்தை முடித்துவைத்தது. 1921-இல் ஓல்டமின் மேலாளராகி, ஓராண்டு கழித்து விலகினார். களத்தின் ஓரத்தில் நின்று பிறர் ஆடுவதைப் பார்க்கும் வேலை அவருக்கு ஒத்துவரவில்லையாம். சங்கத் தலைமையை அவர் அவ்வாண்டு வரை விடவில்லை. தம் வாழ்வில் தாம் செய்தவற்றுள் சங்கப் பணியையே அவர் முதலாவதாக மதித்திருப்பார் என்று நாம் ஊகிக்கிறோம். கோப்பைகளைக் காட்டிலும் நெடுங்காலம் அவர் சுமந்தது அதையே அல்லவா? சங்கம் 1958-இல் தொழில்முறைக் கால்பந்தாட்டக்காரர் சங்கம் என்று பெயர் மாறியது, இன்றும் இயங்குகிறது. விளையாட்டு வீரர் சங்கங்களுள் உலகில் மிகப் பழமையானது அதுவே.

பிழைப்புக்கு ராபர்ட்ஸ் மான்செஸ்டரில் புகையிலை வணிகம் நடத்தினார். அவர் விற்ற சிகரெட் ஒன்றுக்கு 'டுக்ரோபெல்' என்று பெயர். டக்வொர்த், ராபர்ட்ஸ், பெல் என்னும் மூவர் பெயரிலிருந்தும் ஓரசை எடுத்துச் சேர்த்த பெயர் அது. 1939 ஆகஸ்டில், இரண்டாம் உலகப்போர் மூள்வதற்குச் சில வாரங்கள் முன்னர், ஐம்பத்தாறாம் வயதில் அவர் இறந்தார். சம்பள உச்சவரம்பு அப்போதும் நடைமுறையில் இருந்தது.